பைனா, சைப்ரஸா, வேறா? நீலகிரி, பழனி மலைகளின் ஊசியிலை மரங்களைப் பிரித்தறியும் வழி

ஊட்டியிலோ கொடைக்கானலிலோ நெட்டையாக, கரும்பச்சையாக நிற்கும் எந்த மரத்தைக் காட்டிக் கேட்டாலும் "பைன்" என்று பதில் வரும். வீட்டு வாசலில் அடுக்கடுக்காகக் கிளைவிட்டு நின்றால் "கிறிஸ்துமஸ் மரம்". இந்த இரண்டு பெயருக்குள் குறைந்தது பத்துப் பன்னிரண்டு இனங்கள் கிடக்கின்றன. மெக்சிகோ, கலிபோர்னியா, இமயமலை, ஜப்பான், ஆஸ்திரேலியா, நியூ கலிடோனியா என்று ஒவ்வொன்றும் ஒவ்வொரு ஊரிலிருந்து கொண்டுவந்து நட்டது. மேற்குத் தொடர்ச்சி மலைக்குச் சொந்தமான ஊசியிலை மரம் ஒன்றே ஒன்றுதான். அதன் இலையோ ஊசியாகவே இருக்காது. அதைக் கடைசியில் பார்ப்போம்.

வெளிநாட்டு வழிகாட்டி நூல்கள் "ஒரு கொத்தில் எத்தனை ஊசி?" என்ற கேள்வியில்தான் தொடங்கும். இரண்டா, மூன்றா, ஐந்தா என்று எண்ணிவிட்டால் அந்த ஊர்களில் பாதி வேலை முடிந்துவிடும். நம் மலைகளில் அது அவ்வளவாகக் கைகொடுக்காது. இங்கே காடாக நட்டு வளர்த்த பைன்களில் பெரும்பாலானவை மூன்று ஊசி உள்ளவை. எண்ணிக்கையை வைத்து "இது பைன்தான்" என்று உறுதி செய்யலாம், அவ்வளவே. எந்தப் பைன் என்று சொல்வது ஊசியின் நீளம், அது தொங்கும் விதம், கூம்பின் (செதில் செதிலாக அடுக்கி, உள்ளே விதை வைத்திருக்கும் உறுப்பு) வடிவம், மேல்மரப் பட்டையின் நிறம் ஆகிய நான்கும் சேர்ந்துதான். இவற்றில் ஒன்றை மட்டும் வைத்து முடிவு கட்டுகிறவர்கள்தான் அதிகம் தவறுகிறார்கள்.

கையில் இருக்க வேண்டியவை

30 செ.மீ. ஸ்கேல், பத்து மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ், குறிப்பேடு, பென்சில், பழைய செய்தித்தாளில் மடித்த நாலைந்து உறைகள். பேனா வேண்டாம், மலைப் பனியில் மை ஊறிவிடும். நீலகிரியில் ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக்குக்குத் தடை இருப்பதால் மாதிரி எடுக்கப் பாலித்தீன் பை கொண்டுபோகாதீர்கள். தடை இல்லாவிட்டாலும் அது உதவாது. உள்ளே ஈரம் கோத்து இரண்டே நாளில் பூஞ்சை பிடித்துவிடும். உயரமான மரங்களின் கூம்பைப் பார்க்க பைனாகுலர் இருந்தால் நல்லது. இல்லையென்றால் போன் கேமராவில் பெரிதாக்கிப் படம் எடுத்துப் பார்க்கலாம்.

ஒரு சின்ன டப்பாவில் தேங்காய் எண்ணெயும் எடுத்துக்கொள்ளுங்கள். பைன் பிசின் தண்ணீருக்குப் போகாது. எண்ணெய் தேய்த்து, துணியால் துடைத்து, அதன் பிறகு சோப்பு போட்டால் போய்விடும். முதலிலேயே சோப்பு போட்டால் கை முழுக்கப் பரவுவதுதான் மிச்சம்.

வெளியூரிலிருந்து சொந்த வண்டியில் வருகிறவர்களுக்கு இரண்டு மலைகளுக்கும் 2024 மே மாதம் முதல் இ-பாஸ் நடைமுறை உண்டு. காப்புக்காட்டுக்குள் அனுமதி இல்லாமல் நுழையக் கூடாது, கிளை ஒடிக்கவும் கூடாது. ஒடிக்க அவசியமும் இல்லை. அடையாளத்துக்கு வேண்டியதில் முக்கால்வாசி மரத்தடியிலேயே விழுந்து கிடக்கும்.

எப்போது போவது? காய்ந்த நாளாகப் பாருங்கள். பைன் கூம்பு நனைந்தால் செதில்களை மூடிக்கொள்ளும், காய்ந்தால் விரிக்கும். மழை நாளில் பார்த்த கூம்பை வெயில் நாளில் பார்த்தால் வேறு மரத்துக் கூம்போ என்று தோன்றும். நீலகிரியின் மேற்குப் பக்கம் ஜூன் முதல் செப்டம்பர் வரை மழை. பழனி மலையில் அக்டோபர், நவம்பரில்தான் மழை அதிகம். டிசம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை இரண்டுக்கும் பொருந்தும். அதன் பிறகு காட்டுத்தீக் காலம். வனப்பகுதிக்குள் போகக் கட்டுப்பாடு வரும்.

முதல் படி: இது ஊசியிலை மரம்தானா?

புதிதாகப் பார்ப்பவர்களை முதலில் ஏமாற்றுவது சவுக்கு. அடிவாரத்திலும் மலைப்பாதையின் கீழ்ப்பகுதியிலும் இருக்கும். அதன் "ஊசி" இலையே இல்லை. கணுக்கணுவான பச்சைக் குச்சி. இரண்டு கையாலும் பிடித்து மெல்ல இழுத்தால் கணுவில் பொருத்து விட்டுக் கழன்று வரும். கழன்ற இடத்தை லென்ஸில் பாருங்கள்: கணுவைச் சுற்றி வளையமாக நுண்ணிய செதில்கள் தெரியும். அவைதான் சவுக்கின் உண்மையான இலைகள். பைன் ஊசியை இழுத்தால் அறும், கணுவில் கழலாது. சவுக்கின் சின்னக் காயைக் கூம்பு என்று நினைத்துவிட வேண்டாம், அது பூக்கும் மரம், ஊசியிலை மரம் அல்ல.

தேயிலைத் தோட்டத்தில் வரிசையாக நிற்கும் சில்வர் ஓக் தூரத்திலிருந்து ஊசியிலை மரம் மாதிரித் தெரியும். கிட்டே போனால் பெரணி மாதிரிப் பிளவுபட்ட இலை, அடியில் வெள்ளி நிறம். சீகை மரத்துக்கு (வாட்டில்) நுண்ணிய கூட்டிலையும் காயும் இருக்கும். இந்த இரண்டையும் ஒருமுறை கையில் எடுத்துப் பார்த்தவர் மறுபடி குழம்ப மாட்டார்.

இரண்டாம் படி: இலையை வைத்து நான்காகப் பிரிப்பது

மரத்தின் பெயரைப் பற்றி இப்போதைக்கு யோசிக்காதீர்கள். இலையை மட்டும் பாருங்கள்.

ஊசிகள் இரண்டு மூன்றாகக் கொத்தாக முளைத்து, கொத்தின் அடியில் காகிதம் மாதிரி ஒரு பழுப்பு உறை இருந்தால் அது பைன். வேறு எந்த ஊசியிலை மரத்துக்கும் இந்த அடியுறை கிடையாது.

இலை ஊசியாக இல்லாமல் சின்னச் சின்னச் செதிலாகக் குச்சியோடு ஒட்டிக் கிடந்தால் சைப்ரஸ், துஜா வகை.

ஒவ்வொரு இலையும் தனித்தனியாக, குச்சியைச் சுற்றி எல்லாப் பக்கமும் முளைத்து, உள்நோக்கி வளைந்திருந்தால் கிரிப்டோமேரியா அல்லது அரவுக்கேரியா.

இலை அகலமாக, சாதாரண மரத்தின் இலை மாதிரி இருந்து, அதே நேரம் நடுநரம்பு தெரியாமல் இருந்தால் அகாத்திஸ் அல்லது நாகேயா.

ஐந்தாவதாக ஒன்றும் சொல்ல வேண்டும். இங்கே பலரும் எல்லாவற்றையும் தேவதாரு என்கிறார்கள். உண்மையான தேவதாருவில் குட்டையான முடிச்சுக் கிளை ஒவ்வொன்றிலும் இருபது, முப்பது ஊசிகள் வட்டமாக விரிந்து நிற்கும், அடியுறை இருக்காது. கூம்பு கிளைமேல் நிமிர்ந்து உட்கார்ந்திருக்கும், தொங்காது. நம் மலைகளில் அது தோட்டத்து மரம். காடாகப் பார்க்க முடியாது.

மூன்றாம் படி: எந்தப் பைன்?

வழிகாட்டியின் பெரும்பகுதி இதற்குத்தான் போகப் போகிறது. ஏனென்றால் இங்கேதான் குழப்பம் அதிகம்.

முதலில் கொத்து. பைன் ஊசிகள் ஒவ்வொன்றாக உதிர்வதில்லை, அடியுறையோடு கொத்தாகவே விழும். ஆகவே தரையில் கிடக்கும் சருகே போதும். முழு அடியுறை உள்ள பத்துக் கொத்துகளைப் பொறுக்குங்கள். உறை இல்லாத ஊசியை எண்ணாதீர்கள், எத்தனை உடைந்து போயிருக்கிறது என்று தெரியாது. எண்ணிக்கையைச் சரிபார்க்க ஒரு வழி உண்டு. கொத்தின் ஊசிகளை நெருக்கிச் சேர்த்து விரலால் உருட்டிப் பாருங்கள். மூன்று ஊசிக் கொத்தில் ஒவ்வொரு ஊசியும் முக்கோண வெட்டு உள்ளது. மூன்றும் சேர்ந்தால் இடைவெளி இல்லாத உருளை கிடைக்கும். ஒன்று உதிர்ந்துபோய் இரண்டு மட்டும் இருந்தால் ஒரு பக்கம் பள்ளமாக இருக்கும். உண்மையான இரண்டு ஊசிக் கொத்தில் ஒவ்வொன்றும் அரைவட்டம், சேர்த்தால் முழு உருளை. இந்தச் சோதனையைச் செய்யாமல் "இரண்டு ஊசி" என்று எழுதி வைத்த குறிப்புகள்தான் பிறகு குழப்பத்தைக் கொண்டுவரும்.

அடுத்து நீளம். பத்துக் கொத்தையும் அளந்து சிறியதையும் பெரியதையும் குறித்துக்கொள்ளுங்கள். சராசரியைவிட இந்த வீச்சுதான் உபயோகம். நிழலில் நிற்கும் மரம், நோய் கண்ட மரம், வெட்டிய இடத்தில் மறுபடி தழைத்த கிளை ஆகியவற்றின் ஊசிகளை நம்ப வேண்டாம்.

பிறகு கூம்பு. இதில் மூன்று விஷயம்: நீளம், இரு பக்கமும் ஒரே மாதிரியா அல்லது ஒரு பக்கம் புடைத்திருக்கிறதா, காம்பு இருக்கிறதா. மூடிய கூம்பின் அளவும் விரிந்த கூம்பின் அளவும் வேறுபடும், அகலம் ஏறக்குறைய இரட்டிப்பாகிவிடும். எந்த நிலையில் அளந்தீர்கள் என்று எழுதுங்கள். சரிவில் கூம்பு உருளும் என்பதையும் மறக்கக் கூடாது. காலடியில் கிடப்பது மேலே இருபது அடி தள்ளி நிற்கும் வேறு மரத்தின் கூம்பாக இருக்கலாம். கிளையில் ஒட்டியிருக்கும் கூம்பு ஒன்றாவது பைனாகுலரில் தெரிகிறதா என்று பார்த்துக்கொள்வது நல்லது.

இனி இனங்கள்.

பட்டுலா. முழுப்பெயர் பைனஸ் பட்டுலா, ஊர் மெக்சிகோ. இரண்டு மலைகளிலும் புதியவர் முதலில் சந்திக்கப்போவது பெரும்பாலும் இதுதான். ஊசி 15 முதல் 30 செ.மீ., மிக மெல்லியது, தலைகுளித்து உலரவிட்ட கூந்தல் மாதிரி கிளையின் இரு பக்கமும் நேராகத் தொங்கும். வேறு எந்தப் பைனும் இங்கே இவ்வளவு தொங்காது. கொத்துக்கு மூன்று ஊசி, நடுநடுவே நான்கும் வரும். பத்துக் கொத்தில் ஒன்றிரண்டில் நான்கு இருந்தால் பயப்பட வேண்டாம், அது பட்டுலாவுக்கான சாட்சிதான். இப்போது அண்ணாந்து பாருங்கள். அடிமரப் பட்டை தடித்துக் கறுத்திருக்கும். மேல்மரத்தில் செம்மஞ்சளாக, மெல்லிய காகிதமாக உரிந்துகொண்டிருக்கும். இந்த இருநிறம் தூரத்திலிருந்தே தெரியும். கூம்பு 5 முதல் 10 செ.மீ., கெட்டியாக, மினுமினுப்பான பழுப்பு நிறம், காம்பு இருப்பதே தெரியாது, மூன்று நான்காகச் சேர்ந்து கிளையை ஒட்டிப் பின்பக்கம் பார்த்துத் திரும்பியிருக்கும். பல வருஷம் விழாமல், விரியாமல் மரத்திலேயே கிடக்கும். தீயோ கடும் வெயிலோ பட்டால் விரிந்து விதையைக் கொட்டும். அதனால்தான் தீ ஓடிய புல்வெளியில் பட்டுலா கன்றுகள் திடீரென்று மந்தையாக முளைக்கின்றன. சோலைப் புல்வெளிகளைக் காப்பவர்களுக்கு இந்த மரத்தோடு இருக்கும் தலைவலி இதுவே.

ரேடியேட்டா. கலிபோர்னியாக் கடலோரத்து மரம். பழைய பெயர்ப்பலகைகளில் பைனஸ் இன்சிக்னிஸ் என்று இருந்தால் அதுவும் இதுதான். மூன்று ஊசி, 9 முதல் 15 செ.மீ., பளிச்சென்ற பச்சை. தொங்காது, கிளை நுனியில் அடர்ந்து தூரிகையாக நிற்கும். பட்டுலாவிடமிருந்து பிரிக்க இந்த நீளமும் நிற்கும் விதமுமே போதும். சந்தேகம் இருந்தால் கூம்பைப் பாருங்கள். 8 முதல் 15 செ.மீ., கனமானது, அப்பட்டமாக ஒரு பக்கம் கோணியது: கிளைக்கு வெளிப்பக்கம் உள்ள செதில்கள் உருண்டு புடைத்திருக்கும், கிளையை ஒட்டிய பக்கம் தட்டையாக இருக்கும். இதுவும் பல வருஷம் மரத்தில் ஒட்டிக்கிடக்கும். பட்டை கருஞ்சாம்பல், ஆழமான வெடிப்புகள், மேல்மரத்தில் செம்மஞ்சள் காகித உரிப்பு இல்லை. ஊசியில் செந்நிறப் பட்டை பட்டையாக விழுந்து நுனி காயும் பூஞ்சை நோய் இந்த இனத்தை அதிகம் தாக்கும். அப்படிப்பட்ட மரத்தில் அளவெடுக்காதீர்கள்.

ராக்ஸ்பர்கி, அதாவது இமயமலையின் சீர் பைன். மூன்று ஊசி, 20 முதல் 35 செ.மீ. நீளத்தில் பட்டுலாவோடு மோதும், புதியவர்கள் குழம்புவதும் இங்கேதான். மூன்று வித்தியாசம் நினைவில் இருக்கட்டும். சீர் பைனின் ஊசி தடித்தது. வளைந்து சரியும், கூந்தலாகத் தொங்காது. பட்டை மேலிருந்து கீழ்வரை தடித்த செம்பழுப்புப் பாளங்களாக வெடித்திருக்கும், மேல்மரத்தில் காகித உரிப்பு கிடையாது. கூம்பு 12 செ.மீ.க்கு மேல், 20 செ.மீ. வரைக்கும் போகும், செதிலின் நுனி தடித்துக் கொக்கியாகக் கூம்பின் அடிப்பக்கம் பார்த்து வளைந்திருக்கும். அந்தக் கூம்பை வெறுங்கையால் இறுக்கிப் பிடித்தால் உள்ளங்கையே அடையாளம் சொல்லிவிடும்.

கேசியா, காசி மலைப் பைன். இதுவும் மூன்று ஊசி. 12 முதல் 20 செ.மீ., மெல்லியது, லேசாகச் சரியும். இதை ஊசியை வைத்துப் பட்டுலாவிடமிருந்து பிரிக்க முயலாதீர்கள், தோற்பீர்கள். கூம்புதான் வழி: 5 முதல் 9 செ.மீ., முட்டை வடிவம், இரு பக்கமும் சமம், குட்டையான காம்பு உண்டு, தனியாகவோ இரண்டு மூன்றாகவோ இருக்கும். கூம்பு கிடைக்காத மரத்தைக் கேசியா என்று எழுதாமல் "பைன், மூன்று ஊசி" என்று நிறுத்திக்கொள்வதே நேர்மை.

இரண்டு ஊசியோ ஐந்து ஊசியோ உறுதியாகக் கிடைத்தால் நீங்கள் நிற்பது பெரும்பாலும் பூங்காவிலோ பழைய பங்களா வளாகத்திலோதான். ஐந்து ஊசி, நீலப்பச்சை, 12 முதல் 20 செ.மீ., நீண்ட மெல்லிய தொங்கும் கூம்பு என்றால் இமயமலையின் வாலிச்சியானா. இரண்டு ஊசி, தடித்து விறைத்து 15 செ.மீ.க்கு மேல் என்றால் ஐரோப்பாவின் பினாஸ்டரைச் சந்தேகிக்கலாம்.

கன்றுகளை அடையாளம் காண முயலவே வேண்டாம். முளைத்த முதல் வருஷத்தில் பைன் கன்றுக்குக் கொத்தே இருக்காது, தனித்தனி ஊசிகள்தான். அதைப் பார்த்து "பைன் இல்லை" என்று ஒதுக்குவதும் நடக்கிறது.

நான்காம் படி: சைப்ரஸ் வகை

ஊட்டியின் கெய்ர்ன்ஹில் பக்கம் நடந்தால் இந்தக் குடும்பத்தைப் போதும் போதும் என்கிற அளவுக்குப் பார்க்கலாம். பட்டையைப் பார்த்தே பைனிலிருந்து பிரிக்கலாம்: பைன் பட்டை பாளமாகவோ செதிலாகவோ வெடிக்கும், சைப்ரஸ் பட்டை மேலிருந்து கீழாக நீள நார்களாக உரியும்.

இங்கே அதிகம் இருப்பவை மேக்ரோகார்ப்பா, லூசிட்டானிகா என்ற இரண்டு சைப்ரஸ் இனங்கள். குச்சியைக் கிள்ளி விரல்களுக்கிடையில் நுனியிலிருந்து அடிநோக்கி வருடுங்கள். மேக்ரோகார்ப்பாவின் செதில் தடித்து, நுனி மழுங்கி, குச்சியோடு ஒட்டியிருக்கும், விரல் வழுக்கும். கசக்கினால் எலுமிச்சை வாசம். லூசிட்டானிகாவின் செதில் நுனி கூர்மையானது, கொஞ்சம் விலகி நிற்கும். விரலில் சொரசொரப்பாகத் தட்டும். நிறமும் சாம்பல் கலந்த பச்சை. கூம்பு இன்னும் தெளிவாகச் சொல்லும். மேக்ரோகார்ப்பாவின் உருண்டைக் கூம்பு 2.5 முதல் 4 செ.மீ. குறுக்களவு, 8 முதல் 14 செதில்கள். லூசிட்டானிகாவுக்கு 1 முதல் 1.5 செ.மீ., 6 அல்லது 8 செதில்கள், ஒவ்வொரு செதிலின் நடுவிலும் ஒரு சின்ன முனை. இளங்கூம்பில் வெளிர்நீலப் பூச்சு இருக்கும், விரலால் துடைத்தால் போய்விடும்.

இமயமலையிலிருந்து வந்த டோருலோசாவும் இருக்கிறது. அதன் கூம்பு அளவில் லூசிட்டானிகாவோடு ஒத்துப்போகும், ஆனால் செதில் 8 முதல் 10. குச்சிகள் மெல்லிய சாட்டையாகத் தொங்கும். கூம்பு இல்லாமல் இந்த இரண்டையும் பிரிக்க நிறையப் பழக்கம் வேண்டும்.

வீட்டு முற்றத்தில் குட்டையாக, இலைத்தொகுப்புகள் விசிறியை மடித்து நிறுத்திய மாதிரி செங்குத்தாக நின்றால் அது துஜா. கூம்பு 2 செ.மீ.க்குள், செதில்களில் கொம்பு முளைத்திருக்கும். கூம்புக்குப் பதிலாகச் சதைப்பற்றான சின்ன நீல உருண்டை இருந்தால் ஜூனிபர்.

ஒரு எச்சரிக்கை. சைப்ரஸ் கன்றுகளுக்கும், சில சமயம் நிழலில் வரும் புதுக் கிளைகளுக்கும் செதில் இலை வராமல் சின்ன ஊசி இலை வரும். ஒரே மரத்தில் இரண்டும் இருந்தால் செதில் இலையையே கணக்கில் எடுங்கள்.

ஐந்தாம் படி: கிரிப்டோமேரியா, அரவுக்கேரியா

கிரிப்டோமேரியா ஜப்பானிய மரம். இலை ஒரு செ.மீ. அளவு, அடி அகன்று நுனி குறுகி உள்பக்கமாக வளைந்திருக்கும், குச்சியைச் சுற்றிச் சுருளாக ஏறும். தொட்டால் பெரிதாகக் குத்தாது. பட்டை செம்பழுப்பு, நீள நாராக உரியும். அதனால் தூரத்தில் சைப்ரஸ் என்று நினைக்க வைக்கும். கூம்பு 1 முதல் 2 செ.மீ., உருண்டை, ஒவ்வொரு செதிலிலும் நாலைந்து முள். கீழே கிடக்கும் கூம்புகளில் பத்துப் பதினைந்தைப் புரட்டிப் பாருங்கள். சிலவற்றில் கூம்பின் நுனியைத் துளைத்துக்கொண்டு ஒரு குச்சி வளர்ந்திருக்கும், அதில் பச்சை இலையும் இருக்கும். இதைப் பார்த்துவிட்டால் வேறு சோதனை வேண்டாம்.

அரவுக்கேரியாவின் இலை கெட்டி. இளங்கிளையில் நன்றாகவே குத்தும். மரத்தடியில் முழுக் கூம்பு கிடைக்காமல் சிறகுள்ள தனிச் செதில்கள் சிதறிக் கிடந்தால் இந்தக் குடும்பமாக இருக்கலாம், ஏனென்றால் இவற்றில் பலவற்றின் கூம்பு மரத்திலேயே உடைந்து கொட்டும். கிறிஸ்துமஸ் மரம் என்று தொட்டியில் விற்பதும், தேவாலய வளாகங்களில் ஒல்லியான தூணாக ஓங்கி நிற்பதும் பெரும்பாலும் காலம்னாரிஸ் என்ற அரவுக்கேரியா இனம். நர்சரியில் அதை நார்ஃபோக் தீவுப் பைன் என்று சொல்லி விற்பார்கள். அந்த நார்ஃபோக் மரம் வேறு இனம். அது இன்னும் அகலமாக, இடைவெளிவிட்ட அடுக்குகளாக வளரும். காலம்னாரிஸ் மரங்கள் உலகம் முழுக்க நிலநடுக்கோட்டின் பக்கம் பார்த்துச் சாய்வதை 2017-இல் ஓர் ஆய்வு காட்டியது. வட அரைக்கோளத்தில் தெற்கே சாயும். நிலநடுக்கோட்டிலிருந்து தள்ளிப் போகப் போகச் சாய்வு கூடும். நம் மலைகள் இருப்பது 10, 11 பாகையில் என்பதால் இங்கே மெல்லிய சாய்வையே எதிர்பாருங்கள். நேராக நிற்கிறது என்பதற்காக வேறு இனம் என்று எழுதிவிடாதீர்கள்.

கன்னிங்ஹாமி என்ற இன்னொரு அரவுக்கேரியாவை நுனிக் கிளைகள் கொத்துக் கொத்தாகக் குவிந்திருப்பதையும், அடிமரப் பட்டை கிடைமட்ட வளையங்களாக உரிவதையும் வைத்து அறியலாம். பிட்வில்லி, அதாவது பன்யா, பளபளப்பான முள்நுனி இலையும் வட்டமான உச்சியும் உள்ள பெரிய மரம். அதன் கூம்பு 30 செ.மீ. வரை, சில கிலோ முதல் 10 கிலோ வரை எடை, முழுதாகவே விழும். கூம்பு இருக்கும் காலத்தில் அடியில் நின்று அண்ணாந்து பார்த்துக்கொண்டிருக்க வேண்டாம். தள்ளி நின்று பைனாகுலரில் பாருங்கள். இதையும் ஊட்டி தாவரவியல் பூங்காவில் எல்லோரும் படம் எடுக்கும் குரங்கு ஏறா மரத்தையும் (மங்கி பஸில்) குழப்புகிறார்கள். பின்னதன் இலை 3, 4 செ.மீ. நீளமான தடித்த முக்கோணம். கிளையைச் சுற்றி எல்லாப் பக்கமும் ஓடு வேய்ந்த மாதிரி அடுக்கியிருக்கும்.

ஆறாம் படி: ஊசியே இல்லாத ஊசியிலை மரங்கள்

குன்னூர் சிம்ஸ் பூங்காவில் குயின்ஸ்லாந்து கௌரிப் பைன் என்று சொல்லும் மரம் அகாத்திஸ். பெயரில்தான் பைன். இலை 5 முதல் 12 செ.மீ. நீளம், தடித்தது, நடுநரம்பு இல்லை. நுண்ணிய நரம்புகள் நீளவாக்கில் இணையாக ஓடும். வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் தெரியும்.

நம் சொந்த மரமான நாகேயா வாலிச்சியானாவுக்கும் இதே இணைநரம்பு உண்டு. வித்தியாசம் கனியில்: அகாத்திஸுக்கு உருண்டையான பெரிய கூம்பு, நாகேயாவுக்குக் கூம்பே இல்லை, சதைப்பற்றான காம்பின்மேல் ஒற்றை விதை. மேற்குத் தொடர்ச்சி மலையின் ஈரம் மிகுந்த பசுமைமாறாக் காடுகளில் மற்ற மரங்களுக்கு நடுவே ஒன்றாக நிற்கும். பைன் காட்டுக்குள் அதைத் தேட வேண்டாம். நடுநரம்பு தெளிவாகத் தெரிந்து, இலை நீளப் பட்டையாக இருந்தால் அது தோட்டத்துப் பொடோகார்ப்பஸ்.

எங்கே பழகுவது, எப்படிக் குறிப்பது

பைனைத் தலைக்குந்தா பைன் காட்டில் அல்லது கொடைக்கானல் பைன் காட்டில் தொடங்குங்கள். ஒரே மாதிரி மரங்கள் நிறைய இருப்பதால் ஓர் இனத்துக்குள் ஊசியும் கூம்பும் எவ்வளவு மாறும் என்பது அங்கேதான் பிடிபடும். பூங்காவில் தொடங்கினால் இனத்துக்கு ஒரு மரம்தான் கிடைக்கும், அதன் விசேஷத்தையே இனத்தின் அடையாளமாக எடுத்துக்கொள்வீர்கள். காட்டில் பழகிய பிறகு, 1848-இல் தொடங்கிய ஊட்டி தாவரவியல் பூங்கா, 1874-இல் வந்த சிம்ஸ் பூங்கா, கொடைக்கானல் பிரயண்ட் பூங்கா என்று போகலாம். பெயர்ப்பலகையைக் கடைசியில் படியுங்கள். பழைய பெயரோ, செத்துப்போன பக்கத்து மரத்தின் பலகையோ இருக்க வாய்ப்பு உண்டு.

போன் செயலி சொல்லும் பெயரையும் அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். மரத்தின் முழுப் படத்தைக் கொடுத்தால் "பைன்" வரை சரியாகச் சொல்லும். மூன்று ஊசிப் பைன்களுக்குள் குத்துமதிப்பாகத்தான் சொல்லும். படம் எடுப்பதானால் ஐந்து எடுங்கள்: முழு மரம், மார்பு உயரத்தில் பட்டை, மேல்மரப் பட்டை, ஸ்கேலோடு ஊசிக் கொத்தின் அடியுறை, ஸ்கேலோடு கூம்பின் பக்கவாட்டுத் தோற்றம். இரண்டாவதையும் மூன்றாவதையும்தான் பெரும்பாலோர் விட்டுவிடுகிறார்கள். பட்டுலாவையும் சீர் பைனையும் பிரிப்பதே அந்த இரண்டு படங்கள்தான்.

குறிப்பு ஒரே வரியில் இருந்தால் போதும். மாதிரிக்கு: "தலைக்குந்தா, சாலையோரம், 12 ஜனவரி, பைன், 10 கொத்தில் 9-இல் 3 ஊசி, 1-இல் 4, 17–24 செ.மீ., நேராகத் தொங்குகிறது. மேல்மரம் செம்மஞ்சள், உரிகிறது. கூம்பு 8 செ.மீ., மூடியது, காம்பில்லை, மூன்று சேர்ந்து, பட்டுலா." கூம்பு கிடைக்காவிட்டால் கடைசிச் சொல்லை எழுதாமல் இடம் விட்டு வையுங்கள், அடுத்த முறை போகும்போது எந்த மரத்தடியில் தேட வேண்டும் என்று தெரியும்.